மினிமலிசப் பரிசோதனைப் படங்களும் நேர உணர்வும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எட்டு மணி நேரம் ஒரே கட்டடத்தைக் காட்டும் படம், முக்கால் மணி நேரம் ஓர் அறைக்குள் மெல்ல மெல்ல ஜூம் ஆகும் படம் என்று பேச்சு எடுத்தாலே சில கேள்விகள் வரிசை கட்டி வரும். சில ஆர்வத்தில் கேட்பவை, சில கிண்டலுக்குக் கேட்பவை. கிண்டல் கேள்விகளையும் விடாமல் எடுத்துக்கொண்டிருக்கிறேன். பெரும்பாலும் அவற்றில்தான் விஷயம் இருக்கிறது.

முதலில், எவையெல்லாம் இந்த வகையில் சேரும்?

கதை, நடிப்பு, வசனம், எடிட்டிங் என்று சினிமாவோடு சேர்த்தே நாம் நினைக்கும் பலவற்றையும் கழித்துவிட்டு, மிஞ்சும் ஒன்றிரண்டை மட்டும் வைத்து எடுத்த படங்கள். மிஞ்சியது ஓர் அசையாத ஷாட்டாக இருக்கலாம். ஒரே ஒரு ஜூமாக இருக்கலாம். வெறும் கறுப்பு, வெள்ளை ஃப்ரேம்களாகவும் (ஃபிலிமில் வரிசையாக இருக்கும் தனித்தனிப் படங்கள்) இருக்கலாம்.

1960களின் நியூயார்க்கில்தான் இது சூடு பிடித்தது. 1969இல் பி. ஆடம்ஸ் சிட்னி என்ற விமர்சகர் ‘ஃபிலிம் கல்ச்சர்’ இதழில் எழுதிய கட்டுரையில் இவற்றில் ஒரு பகுதிக்கு ‘ஸ்ட்ரக்சுரல் ஃபிலிம்’ என்று பெயர் வைத்தார். அசையாத கேமரா, மினுக்கம், ஒரே துண்டைத் திரும்பத் திரும்ப ஓட்டும் லூப், திரையில் ஓடுவதையே மறுபடி படம் பிடிப்பது என்று நாலு அடையாளங்களும் சொன்னார். நாலும் ஒரே படத்தில் இருக்க வேண்டும் என்பதில்லை. லண்டனில் 1966இல் தொடங்கிய ஃபிலிம்-மேக்கர்ஸ் கோ-ஆப் என்ற படைப்பாளர் கூட்டுறவு அமைப்பைச் சுற்றி மால்கம் லெ கிரைஸ், பீட்டர் கிடால் ஆகியோர் இன்னும் கறாரான ஒரு கிளையை வளர்த்தார்கள். பெயர்ப் பட்டியலை இத்தோடு விட்டுவிடலாம், படங்களுக்குப் போவோம்.

ஒன்றுமே நடக்காத படத்தை எதற்குப் பார்க்க வேண்டும்?

ஒன்றுமே நடக்காத படம் என்று எதுவும் இல்லை. பாப் ஆர்ட் ஓவியர் ஆண்டி வார்ஹாலின் ‘எம்பயர்’ (1964) படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள், கிண்டலுக்கு அதிகம் ஆளான படம் அதுதான். 1964 ஜூலை 25 இரவு, டைம்-லைஃப் கட்டடத்தின் 41ஆம் மாடியிலிருந்து எம்பயர் ஸ்டேட் கட்டடத்தை நோக்கிக் கேமரா வைத்தார்கள். கேமராவை இயக்கியவர் ஜோனஸ் மேகஸ். முதல் ரீலில் வெளிச்சம் அடங்குகிறது, கட்டடத்தின் விளக்குகள் எரிகின்றன. அதுவரை சாம்பல் நிறத்தில் திடமாக நின்ற கட்டடம், இருட்டில் மிதக்கும் ஒளித்துண்டாக மாறிவிடுகிறது. ரீல் மாற்ற அறைக்குள் விளக்குப் போட்டதால், சில ரீல்களின் தொடக்கத்தில் படம் எடுப்பவர்களின் பிம்பமே கண்ணாடியில் தெரிந்து மறைகிறது. கடைசிப் பகுதியில் விளக்குகள் அணைகின்றன. எட்டு மணி நேரத்தில் இவைதான் பெரிய சம்பவங்கள்.

லாரி காத்தைமின் ‘ஃபாக் லைன்’ (1970) இன்னும் நல்ல உதாரணம். 11 நிமிடம், ஒரே ஷாட், சத்தம் கிடையாது. திரை முழுக்க மூடுபனி. அது விலகிக்கொண்டே போகிறது. ஆனால் எந்த நொடியிலும் ‘இதோ விலகுகிறது’ என்று உங்களால் சுட்டிக்காட்ட முடியாது. மரங்களும் குறுக்கே ஓடும் மின்கம்பிகளும் எப்போது தெரிய ஆரம்பித்தன என்று கேட்டால் பதில் வராது. கீழ்ப்பக்கம் குதிரைகள் கடந்து போகின்றன, அதைக் கவனிக்காமலே படத்தை முடித்து எழுந்து போகிறவர்களும் உண்டு. மெதுவாக மாறும் ஒன்றை, மாறும்போதே பிடிப்பதில் நம் கண் மோசம். பாதி முடிந்த பிறகு ‘முன்பு இப்படி இல்லையே’ என்று ஞாபகத்தோடு ஒப்பிட்டுத்தான் மாற்றத்தைக் கண்டுபிடிக்கிறோம். மூடுபனியை ஒரு சாக்காக வைத்து அந்த ஒப்பிடும் வேலையைத்தான் படம் நமக்குக் கொடுக்கிறது.

இப்படிப்பட்ட படத்தில் நேரம் ஏன் இப்படி இழுக்கிறது?

கவனம் எங்கே போகிறது என்பதைப் பொறுத்தது அது. செய்வதற்கு வேலை இருந்தால் கவனம் அதில் போகும், நேரம் கண்ணில் படாது. வேலை இல்லாதபோது கவனம் நேரத்தின் மீதே திரும்பும். அப்படித் திரும்பத் திரும்ப எவ்வளவு ஆச்சு என்று பார்க்கப் பார்க்க, அது நீண்டுகொண்டே போகும்.

இதில் பலர் தவறவிடும் ஒரு விஷயம் உண்டு. நேரம் நீளமாகத் தோன்றுவது ஒரு வகை அல்ல, இரண்டு வகை. 1890இல் வில்லியம் ஜேம்ஸ் தன் உளவியல் நூலில் இதைப் பிரித்துக் காட்டினார். பல நிகழ்ச்சிகள் நிறைந்த பொழுது, போகும்போது சட்டென்று போய்விடும், திரும்பிப் பார்க்கும்போது நீளமாகத் தெரியும். வெறுமையான பொழுது, போகும்போது நகரவே நகராது, திரும்பிப் பார்த்தால் சுருங்கிக் கிடக்கும். இன்றைய ஆய்வாளர்களும் இந்த இரண்டையும் தனித்தனியாகவே சோதிக்கிறார்கள். ‘எவ்வளவு நேரம் என்று கணித்துக்கொண்டே இருங்கள்’ என்று முன்கூட்டிச் சொல்லிவிட்டுக் கேட்பது ஒன்று, எல்லாம் முடிந்த பிறகு திடீரென்று கேட்பது இன்னொன்று. இரண்டுக்கும் ஒரே விடை வராது. முதலாவது கவனத்தின் வேலை, இரண்டாவது ஞாபகத்தின் வேலை.

ஆகவே ‘இந்தப் படம் நேரத்தை நீட்டுகிறது’ என்று யாராவது சொன்னால், பார்க்கும்போதா, பார்த்த பிறகா என்று கேளுங்கள். பல படங்களில் பார்க்கும்போது நீண்டது, வீடு திரும்பும்போது ஒரே ஒரு பிம்பமாகச் சுருங்கியிருக்கும்.

அப்படியானால் நிகழ்ச்சி குறையக் குறைய நேரம் நீளும், அவ்வளவுதானே?

இல்லை. நான் சொல்ல வருவதே இதுதான். திரையில் எவ்வளவு நடக்கிறது என்பதைவிட, அது எப்போது முடியும் என்று உங்களுக்குத் தெரியுமா என்பதுதான் நேர உணர்வை அதிகம் ஆட்டுகிறது.

பேருந்துக்குக் காத்திருக்கிறீர்கள். இன்னும் இருபது நிமிடத்தில் வரும் என்று தெரிந்தால் ஒரு மாதிரி உட்கார்ந்திருப்பீர்கள். எப்போது வரும் என்றே தெரியாவிட்டால், அதே இருபது நிமிடம் வேறு விதமாகக் கழியும். மினிமலிசப் படங்களைப் பிரித்துப் பார்க்க எனக்கு இதைவிட உதவிய அளவுகோல் வேறில்லை. மூன்று படங்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

ஜேம்ஸ் பென்னிங்கின் ‘ஆர்ஆர்’ (2007) படத்தில் 43 ரயில்கள். கேமரா அசையாது. ரயில் திரைக்குள் வந்து, கடந்து, வெளியே போகும் வரை ஒரு ஷாட். விதி இரண்டாவது ரயிலிலேயே புரிந்துவிடும். அதன்பின் ஒவ்வொரு ஷாட்டிலும் முடிவு எப்படி இருக்கும் என்று தெரியும், ரயிலின் நீளம் மட்டும்தான் தெரியாது. சரக்கு ரயில் பெட்டி பெட்டியாக வந்துகொண்டே இருக்கும்போது ‘இன்னுமா’ என்று ஒரு சின்னச் சிரிப்பு வரும். ஏறக்குறைய இரண்டு மணி நேரப் படம், ஆனால் எனக்கு அது இழுக்கவே இல்லை.

மைக்கேல் ஸ்னோவின் ‘வேவ்லெங்த்’ (1967) 45 நிமிடம். நியூயார்க்கில் சுமார் 80 அடி நீளமுள்ள ஒரு மாடி அறை. கேமரா ஒரு முனையிலிருந்து எதிர்ச் சுவரை நோக்கி ஜூம் ஆகிக்கொண்டே போகிறது. சீராகப் போகாது, விட்டு விட்டு நகரும். கூடவே ஒரு மின்னணு ஒலி விநாடிக்கு 50 அதிர்வில் தொடங்கி 12,000 வரை ஏறிக்கொண்டே போகும். இங்கே திசை தெரியும், சேரும் இடம் தெரியாது. சுவரில் ஏதோ ஒட்டியிருக்கிறது, அது என்னவென்று வெகுநேரம் பிடிபடாது. நடுவில் ஒரு மனிதன் உள்ளே வந்து தரையில் விழுகிறான். செத்துவிட்டான் போலத்தான் இருக்கிறது. வழக்கமான படம் அங்கே நின்று விசாரிக்கும். ஜூம் நிற்காமல் அவனைத் தாண்டிப் போய்விடுகிறது. பின்னால் ஒரு பெண் வந்து தொலைபேசியில் அந்தப் பிணத்தைப் பற்றிச் சொல்லும்போது, அது திரைக்கு வெளியே போய் நேரமாகிவிட்டது. இப்போது நம்மிடம் இரண்டு எதிர்பார்ப்புகள்: இவனுக்கு என்ன ஆச்சு, அந்தச் சுவரில் என்ன இருக்கிறது. படம் முதலாவதைக் கைவிட்டு இரண்டாவதை மட்டும் நிறைவேற்றுகிறது. கடைசியில் அது கடல் அலைகளின் புகைப்படம். ஒரு துப்பறியும் கதையைவிட இந்த ஜூம் என்னை இருக்கை நுனியில் உட்கார வைக்கும் என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள், ஆனால் அப்படித்தான்.

மூன்றாவது ‘எம்பயர்’. அதில் திசையும் கிடையாது, விதியும் கிடையாது. விளக்கு எரிந்த பிறகு அடுத்தது எப்போது, அடுத்தது என்று ஒன்று உண்டா என்பதற்கே துப்பு இல்லை. இங்கேதான் நேரம் நிஜமாகவே உறைகிறது. கொஞ்ச நேரத்தில் எதிர்பார்ப்பதையே விட்டுவிடுவீர்கள், அப்புறம் இழுப்பதும் நின்றுவிடும். வேறு எதையோ யோசிப்பீர்கள், பக்கத்தில் இருப்பவரோடு பேசுவீர்கள், போய்விட்டு வருவீர்கள். அந்தப் படத்தை அப்படிப் பார்ப்பதில் தப்பே இல்லை.

தத்துவத்தில் இதைப் பற்றி யாராவது பேசியிருக்கிறார்களா?

நிறைய. இரண்டு பேர் போதும். ஆன்றி பெர்க்சன் 1907இல் எழுதிய நூலில் ஒரு சர்க்கரைக் கரைசல் உதாரணம் வரும். தண்ணீரில் சர்க்கரையைப் போட்டுவிட்டு அது கரையும் வரை நான் காத்திருந்தே ஆக வேண்டும். கணக்கில் வரும் காலத்தை எப்படி வேண்டுமானாலும் சுருக்கி எழுதலாம், என் பொறுமையின்மையோடு ஒட்டிய இந்தக் காலத்தைச் சுருக்க முடியாது. அசையாத ஷாட் எடுப்பவர்கள் எல்லாருமே, படித்தாலும் படிக்காவிட்டாலும், இந்தக் கருத்தில்தான் நிற்கிறார்கள்.

எட்மண்ட் ஹுஸ்ஸெர்ல் இன்னொருவர். நாம் கேட்கும் இசையில் இந்த நொடியின் ஸ்வரம் மட்டும் இருப்பதில்லை. சற்று முன் ஒலித்தது இன்னும் பிடிபட்டிருக்கிறது, அடுத்து வருவதை நோக்கி மனம் ஏற்கெனவே நீண்டிருக்கிறது, இரண்டும் சேர்ந்ததுதான் ‘இப்போது’ என்றார். பரிசோதனைப் படங்களில் ஹாலிஸ் ஃப்ராம்ப்டன் இந்த இரண்டு கைகளையும் வேண்டுமென்றே சிக்கலாக்கினார்.

எப்படிச் சிக்கலாக்கினார்?

‘நாஸ்டால்ஜியா’ (1971), 36 நிமிடம். ஒரு சூட்டடுப்பின் மேல் ஒரு புகைப்படம் வைக்கப்பட்டிருக்கிறது. பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது கருகி, சுருண்டு, சாம்பலாகிறது. பின்னணியில் ஒரு குரல் ஒரு புகைப்படத்தை விவரிக்கிறது. கேட்கும் விவரணை திரையில் எரியும் படத்துக்குப் பொருந்தவில்லை. சிறிது நேரம் குழம்பிய பிறகுதான் புரியும், குரல் சொல்வது அடுத்து வரப்போகும் படத்தைப் பற்றி. ஆக, இப்போது எரிவதைப் பார்த்துக்கொண்டே, சற்று முன் கேட்டதை நினைவில் வைத்து இதோடு பொருத்தி, அதே சமயம் இன்னும் வராத படத்துக்கான விவரணையைக் கேட்டுச் சேமிக்க வேண்டும். மூன்று காலமும் ஒரே நேரத்தில் வேலை வாங்குகின்றன. அடுத்த படம் வரும்போது, மனதில் கட்டி வைத்திருந்த படம் அதோடு கொஞ்சமும் ஒத்துப்போகாது, அதுவும் ஒரு வேடிக்கை. ஃப்ராம்ப்டனின் வாழ்க்கையைத் தன் வாழ்க்கைபோலப் படிக்கும் அந்தக் குரல் மைக்கேல் ஸ்னோவுடையது. ‘வேவ்லெங்த்’தில் விழுந்து கிடந்த மனிதர் ஃப்ராம்ப்டன். நண்பர்கள் ஒருவருக்கொருவர் கடன் தீர்த்துக்கொண்டார்கள் போல.

அதற்கு முந்தைய ஆண்டு எடுத்த ‘ஸார்ன்ஸ் லெம்மா’ ஒரு மணி நேரம். அதன் பெரும்பகுதியில் தெருப் பலகைகளில் உள்ள சொற்கள் அகர வரிசையில் வரும், ஒவ்வொன்றும் சரியாக ஒரு விநாடி. ரோமன் எழுத்து 24 என்று கணக்கு (I, J ஒன்றாகவும் U, V ஒன்றாகவும்), ஒரு சுற்றுக்கு 24 விநாடி, விநாடிக்கு 24 ஃப்ரேம். சுற்று திரும்பத் திரும்ப ஓட, எழுத்துகளின் இடத்தை ஒவ்வொன்றாகப் படங்கள் பிடிக்கின்றன: தீ, கடல் அலை என்று. கொஞ்ச நேரத்தில் அந்தந்த எழுத்தின் இடத்தில் எந்தப் படம் வரும் என்று மனப்பாடம் ஆகிவிடும். தொடக்கத்தில் நீளமாக இருந்த ஒரு விநாடி, பழகப் பழகக் குறுகுவதை உணரலாம். புதிதாக ஒரு படம் வந்து உட்காரும்போது அந்த விநாடி மட்டும் மறுபடி நீளும். உளவியல் சோதனைகளிலும் இது தெரிந்த விஷயம்தான். ஒரே படத்தைப் பலமுறை காட்டிவிட்டு நடுவில் வேறொன்றைக் காட்டினால், கால அளவு ஒன்றாகவே இருந்தாலும் அந்த வேறொன்று அதிக நேரம் இருந்ததாகத் தோன்றும்.

16 ஃப்ரேம், 24 ஃப்ரேம் என்று ஏதோ சொல்கிறார்களே, அது என்ன?

வார்ஹாலின் தந்திரம். ‘எம்பயர்’, ‘ஸ்லீப்’ (1963) போன்றவற்றை விநாடிக்கு 24 ஃப்ரேம் வேகத்தில் எடுத்து, சத்தமில்லாப் படங்களுக்கான 16 ஃப்ரேமில் திரையிட வைத்தார். எல்லாம் ஒன்றரை மடங்கு மெதுவாகிறது. ‘எம்பயர்’ எடுத்த வேகத்திலேயே ஓடினால் ஐந்து மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. திரையில் 8 மணி 5 நிமிடம்.

கட்டடம் அசையாது, அதனால் இந்த மந்தம் கண்ணுக்குத் தெரியாது. 1964 முதல் 1966 வரை எடுத்த ‘ஸ்க்ரீன் டெஸ்ட்’ முகப்படங்களில் தெரியும். 472 படங்கள், பெரும்பாலும் அசையாமல் உட்கார்ந்து கேமராவைப் பார்க்கும் ஒரு முகம். மூன்று நிமிடத்துக்குள் எடுத்தது திரையில் நாலு நிமிடத்துக்கு மேல் ஓடும். கண் சிமிட்டுவது ஏதோ யோசித்துச் செய்வதுபோல இருக்கும், கண்ணில் நீர் திரள்வது கூடத் தெரியும். ஸ்லோ மோஷன் என்று அடையாளம் காணும் அளவுக்கு மெதுவில்லை, இயல்பு என்று நம்பும் அளவுக்கு வேகமும் இல்லை. என் பார்வையில் வார்ஹாலின் நீளமான படங்களைவிட இந்தச் சின்னப் படங்களில்தான் நேரம் அதிகம் கனக்கிறது.

‘ஸ்லீப்’ பற்றிப் பரவலான ஒரு தப்பு: கவிஞர் ஜான் ஜியோர்னோ ஐந்து மணி நேரம் தூங்குவதை அப்படியே எடுத்த ஒரே ஷாட் என்பது. அப்படி இல்லை. பல முறை எடுத்த குறுகிய துண்டுகளைத் திரும்பத் திரும்ப ஒட்டிக் கட்டிய படம் அது.

ஏன் பல படங்களில் ஷாட் மூன்று நிமிடம் அல்லது பத்து நிமிடம் என்று நிற்கிறது?

படச்சுருள் அவ்வளவுதான். 16 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 40 ஃப்ரேம். 100 அடிச் சுருள் 24 ஃப்ரேம் வேகத்தில் சுமார் 2 நிமிடம் 46 விநாடி ஓடும், 400 அடி சுமார் 11 நிமிடம். 1895இல் லூமியேர் சகோதரர்களின் படங்கள் 50 விநாடி அளவில் நின்றதும் இதே காரணத்தால். பென்னிங்கின் ‘13 லேக்ஸ்’ (2004) படத்தில் 13 ஏரிகளுக்கும் தலா பத்து நிமிடம்.

டிஜிட்டல் வந்ததும் இந்த எல்லை போய்விட்டது. நல்லதா என்றால், எனக்குச் சந்தேகம். எங்கே நிறுத்துவது என்பதைச் சுருள் தீர்மானித்தபோது அதில் ஒரு நேர்மை இருந்தது. இப்போது இயக்குநர் தீர்மானிக்க வேண்டியிருக்கிறது, பலர் தேவைக்கு மேல் நீட்டுகிறார்கள். அப்பாஸ் கியாரோஸ்தமி விதிவிலக்கு. ‘ஃபைவ்’ (2003) படத்தின் கடைசிப் பகுதி இரவுக் குளம், நிலவின் பிம்பம், தவளைச் சத்தம், மழை. ஒரே ஷாட் போலத் தெரியும். உண்மையில் பல முறை எடுத்தவற்றை இருட்டுக்குள் மறைத்து ஒட்டியது. அதாவது நேரம் தடையில்லாமல் ஓடுவதுபோல் காட்டுவதும் எடிட்டிங்தான்.

கறுப்பு வெள்ளை மட்டும் மினுங்கும் படங்களில் நேரம் என்ன ஆகிறது?

அங்கே பிரச்சினையே வேறு. பீட்டர் குபெல்காவின் ‘அர்னுல்ஃப் ரைனர்’ (1960) 6 நிமிடம் 24 விநாடி. கறுப்பு ஃப்ரேம், வெள்ளை ஃப்ரேம், இரைச்சல், மௌனம் என்ற நாலே பொருட்கள். டோனி கான்ராடின் ‘தி ஃப்ளிக்கர்’ (1966) 30 நிமிடம். மினுக்கத்தின் வேகம் மாற மாற, திரையில் இல்லாத நிறங்களும் வடிவங்களும் தெரிய ஆரம்பிக்கும். அவை ஃபிலிமில் இல்லை, கண்ணும் மூளையும் சேர்ந்து உண்டாக்குபவை. ஒரு நிகழ்ச்சிக்கும் அடுத்ததற்கும் இடையில் போதிய இடைவெளி இல்லாததால், எண்ண முடியாது. எண்ண முடியாததால் எவ்வளவு நேரம் ஆனது என்று ஊகிக்கவும் முடியாது.

எச்சரிக்கை ஒன்று. வலிப்பு வந்திருந்தாலோ, ஒளி மினுக்கத்தில் தலைசுற்றல், வலி வந்தாலோ இவற்றைப் பார்க்க வேண்டாம். கான்ராட் படத்தின் தொடக்கத்திலேயே இந்த எச்சரிக்கை இருக்கிறது, அது அலங்காரத்துக்கு வைத்தது இல்லை.

எர்னி கெர்ரின் ‘செரீன் வெலாசிட்டி’ (1970) மினுக்கத்துக்கும் அசையாத ஷாட்டுக்கும் நடுவில் நிற்கும். வெறும் நடைக்கூடம். நாலு ஃப்ரேமுக்கு ஒருமுறை லென்ஸின் ஜூம் அளவு மாறுகிறது, வித்தியாசம் போகப் போகக் கூடுகிறது. கேமரா ஓர் அங்குலம்கூட நகரவில்லை, ஆனால் 23 நிமிடமும் கூடம் முன்னும் பின்னும் பாய்கிறது. இத்தனை ஆட்டத்துக்கும் நடுவே, கோடியில் உள்ள கதவுக் கண்ணாடியில் விடியல் வெளிச்சம் மெதுவாக வந்து சேர்கிறது. இரண்டு கடிகாரம் ஒரே படத்தில்.

படம் பார்க்கும்போது தூங்கிவிட்டால்?

தூங்குங்கள். விழித்ததும் ‘எவ்வளவு நேரம் போயிருக்கும்’ என்று திரையைப் பார்த்து ஊகிக்கப் பாருங்கள். அந்த ஊகம் கிடைக்கிறதா இல்லையா என்பதே அந்தப் படத்தைப் பற்றி ஏதோ சொல்லும்.

இது தியானம் மாதிரியா?

அப்படிச் சொல்லி விற்பவர்கள் உண்டு. எனக்கு ஒத்துக்கொள்ள முடியவில்லை. ‘வேவ்லெங்த்’தின் ஒலி காதைக் குத்தும், ‘தி ஃப்ளிக்கர்’ கண்ணை உறுத்தும். மன அமைதி வேண்டுமானால் வேறு வழிகள் இருக்கின்றன.

‘ஸ்லோ சினிமா’ என்கிறார்களே, அதுவும் இதுவும் ஒன்றா?

உறவுக்காரர்கள். ஸ்லோ சினிமாவில் கதையும் மனிதர்களும் இருப்பார்கள். இரண்டுக்கும் பாலம் போட்டவர் ஷாந்தால் அகெர்மான். 1970களின் தொடக்கத்தில் நியூயார்க்கில் ஸ்னோவின் படங்களைப் பார்த்தவர், முதலில் ‘ஓட்டல் மாண்டரே’ (1972) என்று சத்தமில்லாமல் ஒரு மலிவு விடுதியின் லிஃப்ட், நடைக்கூடங்கள் என்று எடுத்தார். அங்கே கற்றதைக் கதைக்குள் கொண்டுபோனதுதான் 1975இல் வந்த ‘ஜான் டீல்மன்’. 201 நிமிடம், ஒரு பெண்ணின் மூன்று நாட்கள். முதல் நாளில் அவள் சமைப்பது, பாத்திரம் கழுவுவது, விளக்கை அணைப்பது எல்லாவற்றையும் முழு நீளத்தில் காட்டி, அவளுடைய ஒழுங்கை நமக்குள் பதித்துவிடுகிறார். இரண்டாம் நாள் உருளைக்கிழங்கு அதிகம் வெந்துவிடுகிறது. அவ்வளவுதான். ஆனால் விதி நமக்குத் தெரிந்துபோனதால் அது ஒரு விபத்தைப் போல விழுகிறது. ‘ஸார்ன்ஸ் லெம்மா’வில் புதிய படம் வரும் விநாடி நீள்வதும் இதுவும் ஒரே இயந்திரம்தான். 2022இல் ‘சைட் அண்ட் சவுண்ட்’ இதழின் விமர்சகர் வாக்கெடுப்பில் இந்தப் படம் முதலிடம் பிடித்தது.

மணி கௌலின் ‘உஸ்கி ரோட்டி’ (1969) படத்தையும் இந்த வரிசையில் வைத்துப் பார்க்கலாம். பேருந்து ஓட்டும் கணவனுக்குச் சாப்பாடு எடுத்துக்கொண்டு சாலையோரம் காத்திருக்கும் மனைவி. காத்திருப்பில் எது இப்போது நடப்பது, எது ஞாபகம், எது அவள் பயப்படுவது என்று கோடு போட்டுக் காட்ட மாட்டார்.

ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓட்டிப் பார்த்தால் போதாதா?

‘எம்பயர்’ படத்தை அப்படி ஓட்டினால், வேடிக்கையாக, எடுத்தபோது இருந்த நிஜ வேகம் உங்களுக்குக் கிடைத்துவிடும். மற்றபடி, வேண்டாம். செய்தி மட்டும் போதுமென்றால் நாலு வரியில் படித்துவிடலாம், வேகமாக ஓட்டவும் தேவையில்லை.

ஸ்னோவே இதைக் கிண்டல் செய்துவிட்டார். 2003இல், நேரமில்லாதவர்களுக்கு என்று துணைத்தலைப்பு வைத்து, ‘வேவ்லெங்த்’தின் 15 நிமிடப் பதிப்பு ஒன்றை வெளியிட்டார். வேகம் கூட்டவில்லை. படத்தை மூன்றாக வெட்டி, மூன்றையும் ஒன்றின் மேல் ஒன்றாகப் போட்டு ஓட்டினார். எல்லாம் அதில் இருக்கிறது, காத்திருப்பைத் தவிர.

கலைக்கூடத்துச் சுவரில் ஓடுவதற்கும் திரையரங்கில் ஓடுவதற்கும் வித்தியாசம் உண்டா?

பெரிய வித்தியாசம். கலைக்கூடத்தில் எப்போது போவது என்பது உங்கள் கையில். டக்ளஸ் கார்டனின் ‘24 ஹவர் சைக்கோ’ (1993) ஹிட்ச்காக்கின் ‘சைக்கோ’ படத்தை விநாடிக்கு இரண்டு ஃப்ரேம் அளவுக்கு இறக்கி ஒரு நாள் முழுக்க ஓட விட்டது. கதை எல்லாருக்கும் தெரியும், அடுத்து என்ன என்பதும் தெரியும், ஆனால் அது வந்து சேராது. நின்று பத்து நிமிடம் பார்த்துவிட்டு நகர்வதற்காகவே செய்தது.

திரையரங்கில் விளக்கு அணைந்ததும் ஒரு ஒப்பந்தம் வருகிறது. குபெல்கா இதைக் கடைசிவரை கொண்டுபோனார். 1970இல் நியூயார்க்கில் ஆந்தாலஜி ஃபிலிம் ஆர்கைவ்ஸுக்காக அவர் வடிவமைத்த அரங்கில் எல்லாமே கறுப்பு, இருக்கைகளுக்கு இடையே தடுப்பு. பக்கத்து ஆள் தெரியக் கூடாது, திரை மட்டும்தான். ‘எம்பயர்’ மாதிரி அக்கம்பக்கம் பேசிக்கொண்டே பார்க்க வேண்டிய படத்துக்கு அது கொஞ்சம் அதிகம் என்றுதான் நினைக்கிறேன்.

எதிலிருந்து தொடங்கலாம்?

‘ஃபாக் லைன்’. 11 நிமிடம்தான், பிடிக்காவிட்டாலும் நஷ்டமில்லை. அடுத்து ‘நாஸ்டால்ஜியா’, அதில் குரல் இருப்பதால் கைப்பிடி கிடைக்கும். பிறகு ‘ஆர்ஆர்’ அல்லது ‘13 லேக்ஸ்’. ‘வேவ்லெங்த்’தைக் கூடிய வரை பெரிய திரையில், நல்ல ஒலியோடு பாருங்கள். கைபேசியில் பார்த்தால் ஜூம் போவதே தெரியாது. டெரெக் ஜார்மனின் ‘ப்ளூ’ (1993) 79 நிமிடமும் நீலத் திரை மட்டும்தான், ஆனால் குரல்களும் இசையும் நிறைந்தது. பார்வையை இழந்துகொண்டிருந்தவர் எடுத்த படம். இதுவரை சொன்ன எந்தக் கணக்குக்குள்ளும் அது அடங்காது, தனியாகப் பார்க்க வேண்டியது. ‘எம்பயர்’ இப்போதைக்கு வேண்டாம்.

நானே ஒன்று எடுத்துப் பார்க்கலாமா?

தாராளமாக. கைபேசியை அசையாமல் ஓரிடத்தில் வையுங்கள். ஷாட்டை எது முடிக்கும் என்பதை முன்பே தீர்மானியுங்கள்: நிழல் சுவரின் விளிம்பைத் தொடும்போது, மெழுகுவர்த்தி அணையும்போது, யாராவது கதவைத் திறக்கும்போது. இரண்டு பேரிடம் காட்டுங்கள். ஒருவரிடம் அந்த விதியைச் சொல்லிவிட்டு, மற்றவரிடம் சொல்லாமல். முடிந்ததும் எத்தனை நிமிடம் ஓடியது என்று இருவரிடமும் தனித்தனியாகக் கேளுங்கள், கடிகாரத்தை மட்டும் அறையிலிருந்து எடுத்துவிடுங்கள்.